திறப்பு விழாவுக்கு வந்த கோடிச் சேலை

நான் டி.வி.யில் ஐந்து முறை வந்திருக்கிறேன். ஐந்து முறையும் யாரும் கூப்பிடாமல் நானாகவே போனேன், அதுதான் வினை. சமையல் போட்டியில் என் பணியாரம் குழியை விட்டு எழுந்திருக்கவில்லை. விவாத மேடையில் 'கணவர் வெளியே கூட்டிப்போவதில்லை' என்ற அணியில் உட்கார்ந்து, அழச்சொன்ன இடத்தில் அழுதேன். (என்னைச் சென்னைக்குக் கூட்டிவந்த கணவர் பக்கத்து அறையில் காத்திருந்தார்.) அருப்புக்கோட்டையில் ஒருவர்கூட என்னை அடையாளம் கண்டதில்லை. பால்காரர் மட்டும், உங்களை மாதிரியே ஒரு பொம்பளை டி.வி.யில் அழுததாகச் சொன்னார்.

அப்படிப்பட்ட எனக்குத் திருச்சுழியில் பாத்திரக்கடை ஒன்றைத் திறந்துவைக்க அழைப்பு வந்தது. ஒருமுறையாவது நம் பக்கத்து ஆட்கள் முன்னால் மைக்கில் என் பெயர் வரப்போகிறது என்று தூக்கமே இல்லை. படம் கேட்டார்கள். டி.வி.யிலிருந்தே எடுத்துக்கொள்ளுங்கள் என்றேன், பெரிய மனுஷி தோரணையில்.

எடுத்துக்கொண்டார்கள். கடை வாசலில் ஆளுயர பேனர். நடுவில் அழுதுவடியும் நான், இருபுறமும் குத்துவிளக்கு, படத்தைச் சுற்றி மாலை. கடையின் பெயர் கீழே பொடி எழுத்தில். எங்கள் பக்கம் இப்படிப் பேனரைப் பார்த்தால் யாரும் நின்று படிப்பதில்லை. மாலை வாங்கிக்கொண்டு துக்கத்துக்குக் கிளம்பிவிடுவார்கள்.

பஸ்ஸில் போன யாரோ, நான் செத்துப்போனதாக நரிக்குடியில் என் அண்ணனிடம் சொல்லிவிட்டார்கள். அவர் போன் செய்திருக்கிறார். மேடை ஏறுமுன் போனை அணைப்பது நான் டி.வி.யில் கற்ற ஒரே ஒழுக்கம். ரிப்பனில் கத்தரிக்கோலை வைக்கிறேன், எங்கள் வீட்டுக்குப் போகிற வழியில் பேனரைக் கண்ட மதினி, அண்ணன் பெண்டாட்டி, வேனை நிறுத்தி இறங்கி, அதன் அடியிலேயே மாரில் அடித்துக்கொண்டு அழுகிறார். கையில், செத்தவளுக்குப் பிறந்த வீட்டார் போர்த்தும் கோடிச் சேலை. நான் டி.வி.யில் அழுததெல்லாம் அந்த அழுகையின் கால்தூசி பெறாது.

"மதினி, நான் இங்கனதான் நிக்கிறேன்" என்றேன், கத்தரிக்கோலோடு.

மேலும் கீழும் பார்த்தார். "உசுரோட இருக்கவளுக்கு எதுக்குத்தா போர்டு?"

கடைக்காரர் என் கையிலிருந்த கத்தரிக்கோலை மெதுவாக வாங்கிக்கொண்டார். திறக்கிற அன்றே ஒப்பாரியா என்று கலங்கி, தண்ணீர் தெளித்து, தன் மனைவியை ரிப்பனை வெட்டச் சொன்னார். மைக்கில் என் பெயர் வரவே இல்லை. அன்று நிஜமாகவே அழுதேன். எடுக்கத்தான் கேமரா இல்லை.

மறுவாரம் டி.வி.யிலிருந்து போன் வந்தது. யாரோ செல்போனில் எடுத்த வீடியோவைப் பார்த்தார்களாம். மதினியின் நம்பர் கேட்டார்கள். அவர் ஒரே ஒரு முறைதான் போய் வந்தார். இன்று பஸ்ஸில் எழுந்து அவருக்கு இடம் கொடுக்கிறார்கள்.

அந்தச் சேலையைக் கடையில் திருப்பி எடுக்கவில்லை, உடுத்தவும் ஆளில்லை. என் பீரோவில்தான் இருக்கிறது. பொங்கலுக்குப் பொங்கல் மதினி போனில், என் வீட்டில் எல்லோரும் சிரிக்கக் காத்திருக்க, விசாரிக்கிறார்: "பூச்சி அரிக்காம வச்சிருக்கியாத்தா? ஒனக்குன்னு எடுத்தது."