முகமூடி மணத்த தபசு காலம்

அந்த ஆண்டு, பாஸ்கா பண்டிகைக்கு முந்தைய நாற்பது நாள் தபசு தொடங்கும் சாம்பல் புதனன்று, நெற்றியில் இட்ட சாம்பல் உதிர்வதற்கு முன்பே, என் கணவர் இன்னாசிராஜ் கோயில் வாசலில் நின்று ஒரு பிரகடனம் செய்தார்.

"பாஸ்கா வரைக்கும் எங்க வூட்டுல கறி இல்ல, மீன் இல்ல, முட்டை இல்ல. வெள்ளிக்கிழமை மட்டுமில்ல, எல்லா நாளும்!"

பங்குச் சுவாமியார் கேட்டார். உபதேசியார் சவரி கேட்டார். ஊரில் பாதி கேட்டது. கறி சமைக்க வேண்டிய என்னை மட்டும் எவரும் கேட்கவில்லை.

வெள்ளிக்கிழமைகளோடு நிறுத்திக்கொள்ளலாம் என்று ரோமாபுரியே விதியைத் தளர்த்திவிட்டிருந்த காலம் அது. ரோமாபுரி தளர்த்தியதை இன்னாசிராஜ் இறுக்கினார். பொம்மிடி அரிசி மண்டியில் கணக்கு எழுதுகிறவருக்கு உலகத்தில் வேறு எதையும் இறுக்கும் அதிகாரம் இல்லை. வீடு ஒன்றுதான் மிச்சம்.

இதில் நானும் அவரும் மட்டும் சம்பந்தப்பட்டிருந்தால் நான் இந்தக் கதையை எழுதியிருக்க மாட்டேன். கீரையைக் கடைந்து போட்டுவிட்டுப் பள்ளிக்கூடத்துக்குப் போயிருப்பேன். ஆனால் வீட்டில் என் மாமியார் மிக்கேலம்மாள் இருந்தார். விஷக்காய்ச்சலில் படுத்து அப்போதுதான் எழுந்திருந்தார். தருமபுரி டாக்டர், ஆட்டுக்கால் சாறு கொடுத்தாலொழிய கால் ஊன்ற மாட்டார் என்று எச்சரித்து அனுப்பியிருந்தார். வயதானவர்களுக்கும் நோயாளிகளுக்கும் நோன்பில் விலக்கு உண்டு என்று சுவாமியாரும் எடுத்துச் சொன்னார்.

"எங்க ஆத்தாளுக்குச் சலுகை குடுத்தா நாளைக்கு ஊரே சலுகை கேக்கும் சாமி" என்றார் என் கணவர். மகனுடைய பக்தி வளர்வதற்குத் தாயின் முழங்கால் உரமாயிற்று.

"ஏன்டா இன்னாசி, ஒரே ஒரு எலும்புடா. சப்பிட்டு வெச்சிடறன்."

"தபசு காலம் ஆத்தா."

"காச்சல்ல கஞ்சித் தண்ணியோட கெடந்தனே, அது தபசு இல்லியா?"

"அது கணக்குல வராது."

"பெத்தவ கணக்குல வராதப்ப மண்டியில என்னாத்தடா கணக்கு எழுதற?"

பதில் இல்லாதபோது அவர் ஜெபமாலையைத் தேடுவது வழக்கம். தேடினார்.

தபசு காலத்தில் எங்கள் ஊரில் பாஸ்கா நாடகத்துக்கு மாலைதோறும் ஒத்திகை நடக்கும். என் கணவருக்குப் பசாசு வேடம். வனாந்தரத்தில் நோன்பிருந்து பசித்திருக்கும் சேசுநாதரை நெருங்கி, கல்லை அப்பமாக்கிச் சாப்பிடு என்று ஆசை காட்டும் பசாசு. அதுவரை முகத்தில் அடுப்புக்கரி பூசிக்கொண்டு நடித்தவர், அந்த ஆண்டு பெங்களூரிலிருந்து ஒரு ரப்பர் முகமூடி வாங்கி வந்தார். சிவப்பு நிறம். இரண்டு கொம்புகள். கழுத்து வரை மூடும். அதை மாட்டிக்கொண்டால் அவர் முகம் வழக்கத்தைவிடச் சற்றுச் சாந்தமாகவே தெரிந்தது.

குறை ஒன்றுதான். அது நாறியது. பழைய சைக்கிள் டியூபுக்குள் தலையை விட்டதுபோன்ற நாற்றம்.

"மண்ணெண்ணெய் போட்டுத் தொடச்சிடு" என்றார்.

மண்ணெண்ணெய் பட்டால் ரப்பர் ஊறிப் பருத்து உருக்குலைந்துவிடும். வெயிலில் காயவைத்தால் பிசுபிசுக்கும். ஆசிரியை என்ற முறையில் இவற்றை எடுத்துரைத்தேன். பசாசு கேட்டுக்கொண்டது. முகமூடியை உள்வெளியாகப் புரட்டி, பூந்திக்கொட்டை நுரையால் மெல்லிய துணிகொண்டு துடைத்தேன். சோடா உப்பைத் தூவி ஊறவிட்டு, வெதுவெதுப்பான தண்ணீரில் அலசினேன். கவிழ்த்த செம்பின்மேல் மாட்டி நிழலில் உலர்த்தினேன். கடைசியாக, அடுப்புக்கரித் துண்டுகளைத் துணியில் முடிந்து உள்ளே வைத்தேன். கரி நாற்றத்தை ஈர்த்துக்கொள்ளும்.

மாமியார் மூக்கருகே கொண்டுபோய் முகர்ந்து பார்த்தார்.

"ஒண்ணுமே வரல மேரி. பசாசு ஞானஸ்நானம் வாங்கிட்டுது."

அந்தத் தூய்மையான முகமூடியைப் பையில் வைத்துக்கொண்டுதான் என் கணவர் காலையில் மண்டிக்குப் போனார், மாலையில் அங்கிருந்து நேரே ஒத்திகைக்கு. திரும்பி வந்தபோது அவருக்கு முன்னால் ஒரு வாசனை வீட்டுக்குள் நுழைந்தது. மிளகு. பூண்டு. அவற்றின் அடியில் உருகிய கொழுப்பு. பொம்மிடியிலிருந்து சைக்கிளில் வரும் வழியில் ராணியம்மாள் என்பவர் பன்றிக்கறி வறுவல் போடுகிறார் என்பது ஊரறிந்த செய்தி. அதை நான் அப்போது நினைக்கவே இல்லை. கணவன் சொல்லும் காரணத்தைக் கேட்குமுன் வேறு காரணம் நினைப்பது மனைவிக்கு அழகல்ல.

"என்னங்க இப்பிடி மணக்குது?"

"முகமூடிடி. ரப்பர் வாசனை."

"ரப்பர்ல மிளகு வாசனை வருமாங்க?"

"ரப்பர் எங்கிருந்து வருது? மரத்துலருந்து. மரம் எங்க இருக்குது? மலையில. மலை மரத்துல மிளகுக்கொடி ஏறாதா? படிச்சவதானே நீ?"

"பூண்டு?"

"அது செஞ்சவனோட கை. பெங்களூர்க்காரன் கையக் கழுவாம செஞ்சிருப்பான்."

"நான் கழுவுனப்ப வரலீங்களே."

"உள்ள ஒளிஞ்சிருக்கும். மூச்சுக்காத்து பட்டாத்தான் வெளிய வரும்."

கட்டிலிலிருந்து மாமியார் கேட்டார்: "ஏன்டா, அந்த முகமூடிய ராவுக்கு என் தலைமாட்டுல வெக்கறியா? வாசனையாவது புடிச்சிக்கறன்."

நான் அவரை நம்பினேன். நம்பியதனால் முகமூடியை மறுபடியும் கழுவினேன். இம்முறை எலுமிச்சைச் சாறு. மறுநாளும் மணத்தோடு வந்தார். வெட்டிவேர் ஊறிய தண்ணீரில் அலசினேன். மறுநாள் மணம் இன்னும் கனத்தது. ராணியம்மாள் சோம்பு சேர்த்திருக்க வேண்டும். கடைசியில் ஒரு நாள் அதைப் புரட்டியபோது, வாய்த்துளையின் உட்புறத்தில் ஒரு கறிவேப்பிலை ஒட்டியிருந்தது. எண்ணெயில் பொரிந்து மொறுமொறுத்த கறிவேப்பிலை.

மலையிலுள்ள ரப்பர் மரத்தில் மிளகுக்கொடி ஏறலாம். கறிவேப்பிலை தாளித்த மரத்தை நான் எந்தப் பாடநூலிலும் படித்ததில்லை.

அப்போதே அவரைப் பிடித்து உலுக்கியிருக்கலாமே என்று கேட்பீர்கள். உங்களுக்கு என் கணவரைத் தெரியாது. கையும் களவுமாகப் பிடிபட்டால் அவர் அழுவார். கோயிலுக்கு ஓடுவார். சுவாமியாரிடம் பாவத்தைச் சொல்லிப் பாவசங்கீர்த்தனம் செய்வார். பிறகு தாம் செய்த பாவத்துக்கு நாம் எல்லாரும் பரிகாரம் செய்வோம் என்று வீட்டுக்கு வந்து, எண்ணெயையும் மோரையும் சேர்த்து நிறுத்துவார். பாவம் ஒருவர் செய்ய, பத்தியம் மூவருக்கும். எனக்கு வேண்டியது அவருடைய கண்ணீர் அல்ல. மாமியாருக்கு ஒரு கிண்ணம் ஆட்டுக்கால் சாறு.

ஆகவே கறிவேப்பிலையை எடுத்து எறிந்துவிட்டு, அன்று முகமூடியைக் கழுவாமல் வைத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் உபதேசியார் சவரி எங்கள் வீட்டுக்கு வந்தார். அவர் பின்னால் அல்போன்ஸ். சேசுநாதர் வேடம் போடும் பையன். வேடத்துக்காக உண்மையாகவே ஒரு வேளை மட்டும் உண்டு நோன்பிருந்ததில் கன்னம் ஒட்டிப்போயிருந்தது.

"டீச்சர், என்னால முடியல" என்றான். "அண்ணன் கிட்ட வந்து, கல்லை அப்பமாக்குன்னு காதுல சொல்றாரு. நான் வேணாம்னு சொல்லணும். அண்ணன் மூச்சு வுட்டதும் வறுவல் வாசனை குப்புன்னு வருது. வாயில எச்சில் ஊறி வசனமே வரல. நேத்து வயிறு கத்துனதுல அப்போஸ்தலருங்க எல்லாம் சிரிச்சிட்டாங்க."

உபதேசியார் என் கணவரைப் பார்த்தார். வேலைக்காரனின் சட்டைப்பையைப் பார்க்கும் முதலாளியின் பார்வை.

"முகமூடிங்க!" என்று கணவர் பாய்ந்து அதைக் கொண்டுவந்தார். "நீங்களே மோந்து பாருங்க!"

உபதேசியார் முகர்ந்தார். கண்ணை மூடி இன்னொரு முறை முகர்ந்தார். தேவைக்குச் சற்று அதிகமாகவே முகர்ந்தார் என்பது என் கருத்து.

"அட, ஆமா. கறிக்கொழம்பு தோத்துப்போவும்."

"ரப்பரோட கொணம் உபதேசியாரே. மேரிகிட்ட கேளுங்க, கழுவிக் கழுவிக் கையே தேஞ்சிபோச்சி."

"கழுவுனது உண்மைதாங்க" என்றேன். சொன்னதில் பொய் ஒன்றும் இல்லை. "இது போவாதுன்னுதான் எனக்கும் தோணுது. ஒரு பயம்தான். வூட்டுல வெச்சிருந்தா வூடு பூரா பரவிடாதுங்களா?"

"பரவும்!" என்றார் கணவர், ஆதரவு கிடைத்த உற்சாகத்தில்.

"பாக்கறவங்க தப்பா நெனைப்பாங்களே? நாம கறி ஆக்கறோம்னு?"

"எவன் நெனைப்பான்? உபதேசியாரே, உங்க முன்னாடியே சொல்லிடறன். எங்க வூட்டுலருந்து எப்ப என்ன கறி வாசனை வந்தாலும் அது இந்த முகமூடிதான். கோயில் மேல சத்தியம்!"

"சத்தியம் என்னாத்துக்கு இன்னாசி, உன்னைத் தெரியாதா?" என்றார் உபதேசியார். "ஆனா இந்த நாத்தம் மேடைக்கு வேணாம். பையன் மயக்கம் போட்டு உழுந்துடுவான். முகமூடி வூட்டுலயே கெடக்கட்டும். நீ பழையபடி கரியப் பூசிக்க."

என் கணவர் தலையாட்டினார். பாதி ஆட்டத்தில் தலை நின்றது. முகமூடி இல்லாத முகத்தில் மணம் வந்தால் அது எவருடைய மணம் என்பது அவருக்கு அப்போதுதான் உறைத்திருக்க வேண்டும்.

"இல்ல... இன்னொரு தடவ கழுவிப் பாத்தா..."

"வேணாங்க" என்றேன். "எனக்குக் கை தேஞ்சிபோச்சி."

அன்று முதல் அவர் ராணியம்மாள் கடையைச் சைக்கிளில் கடந்தார். நிற்காமல் கடந்தார். முகத்தில் கரியோடும் வயிற்றில் ஒன்றுமில்லாமலும் ஒத்திகை முடித்து வீடு வந்தார். அவர்மேல் வியர்வையும் அடுப்புக்கரியும் தவிர வேறு வாசனை இல்லை. உண்மையான நோன்பு எப்படி இருக்கும் என்பதை அவர் உடம்பு அறியத் தொடங்கியது.

நான் முகமூடியை அடுப்பங்கரைச் சுவரில் ஆணியடித்து மாட்டினேன். பக்கத்து வீட்டுப் பாஞ்சாலியிடம் சொல்லி, பாப்பாரப்பட்டிச் சந்தையிலிருந்து ஆட்டுக்கால் வரவழைத்தேன். மிளகும் சீரகமும் தட்டிப் போட்டு, எலும்பின் ஊன் சாற்றில் இறங்கும்வரை கொதிக்கவிட்டேன். தெருக்கோடி நாய்கள் எழுந்து எங்கள் வாசலுக்கு வந்து உட்கார்ந்தன.

விளக்கு வைக்கும் நேரத்துக்கு என் கணவர் வந்தார். படியிலேயே நின்றார். மூக்கு அவருக்கு முன்னால் அடுப்பங்கரைக்குப் போயிற்று.

"என்னடி வாசனை இது?"

"முகமூடிங்க."

"பொய் சொல்லாத! முகமூடி பன்னிக்க..." என்று தொடங்கியவர் நாக்கைக் கடித்துக்கொண்டார். "முகமூடி வேற மாதிரியில்ல இருக்கும்?"

"நாளாவ நாளாவ மாறுதுங்க."

"இது ஆட்டுக்கால்!"

"பெங்களூர்ல ஆடு இல்லீங்களா?"

"அந்தக் குண்டான்ல என்ன?"

"முகமூடி அலசுன தண்ணி."

"ஆத்தா கையில கிண்ணம் என்னாத்துக்கு?"

"அதே தண்ணிதான்டா" என்றார் என் மாமியார், உறிஞ்சிக்கொண்டே. "மூட்டுக்கு நல்லதாமா. டீச்சரே சொல்லிட்டா."

"கிண்ணத்துல எலும்பு கெடக்குதே!"

"அலசும்போது பசாசோட கொம்பு ஒடஞ்சி உழுந்திருக்கும். போடா அந்தண்ட, வெளிச்சத்த மறைக்காத."

அவர் குண்டானை நோக்கிக் கையை நீட்டினார். அந்த நேரம் பார்த்து வாசலில் செருப்புச் சத்தம் கேட்டது. தெருவில் போய்க்கொண்டிருந்த உபதேசியார் சவரி, நாய்களை விலக்கிக்கொண்டு தலையை நீட்டினார்.

"இன்னாசி! தபசு காலத்துல இது என்னய்யா வாசனை? தெருவே தூக்குது?"

என் கணவர் என்னைப் பார்த்தார். தாயைப் பார்த்தார். சுவரில் பல்லைக் காட்டிக்கொண்டு தொங்கிய முகமூடியைப் பார்த்தார். உண்மையைச் சொன்னால் என் ஆட்டுக்கால் வெளிவரும்; அதன் பின்னாலேயே அவருடைய பன்றி வெளிவரும். நான் அமைதியாகக் களி கிண்டிக்கொண்டிருந்தேன். மாமியார் ஊனை உறிஞ்சும் சத்தம் மட்டும் கேட்டது.

"முகமூடிங்க உபதேசியாரே" என்றார் என் கணவர். குரல் கிணற்றுக்குள்ளிருந்து வந்தது.

உபதேசியார் மனமுருகிப் போனார். "இவ்வளவு வாசனைக்கு நடுவுல உக்காந்து கீரையும் களியும் திங்கற பாரு! சேசுநாதர் வேஷத்துக்கு உன்னைத்தான்யா போட்டிருக்கணும்."

நான் களியையும் முருங்கைக்கீரையையும் தட்டில் வைத்தேன். அவர் உண்டார். நானும் அந்தச் சாற்றைக் குடித்தேனா என்று கேட்கிறவர்களுக்கு ஒன்று சொல்வேன்: உப்புப் பார்ப்பது சமைக்கிறவளின் கடமை, நான் எந்தக் கடமையையும் அரைகுறையாகச் செய்து பழகியவள் அல்ல.

பாஸ்காவுக்குள் என் மாமியார் கோல் இல்லாமல் கோயிலுக்கு நடந்து போனார். அதுவரை அந்த முகமூடி எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமைகளில் கோழியாகவும், சந்தை நாள்களில் கெளுத்தி மீனாகவும், வெள்ளிக்கிழமைகளில் மட்டும் வெறும் ரப்பராகவும் மணந்தது.