சத்தம் போடாத பிரேக்

தாராவியில் இட்லி சைக்கிளுக்கா பஞ்சம்? ஆனால் சொரிமுத்து பிரேக் பிடித்தால், சயான் ஸ்டேஷனில் நிற்கிற ரயில் விசில் ஊதிவிட்டார்கள் என்று நினைத்துப் புறப்பட்டுப் போய்விடும். நம்பாதவர்கள் அந்த ரயிலைத் தவறவிட்டவர்களைக் கேட்டுக்கொள்ளலாம்.

அப்பேர்ப்பட்ட பிரேக்கை ஒழித்துக்கட்டுவது என்று ஒருநாள் சொரிமுத்து முடிவெடுத்தார்.

"மழை வருது பேராச்சி. நனைஞ்ச ரிம்முல ரப்பர் கட்ட பிடிக்க மாட்டேங்கு. டிஸ்க் பிரேக் போட்டா, எவ்வளவு பாரம் ஆனாலும் சொன்ன இடத்துல நிக்கும்."

பேராச்சி முழங்காலில் தைலம் தேய்த்துக்கொண்டிருந்தாள். "உங்களுக்கே சொன்ன இடத்துல நிக்கத் தெரியாது. சைக்கிளு நின்னு என்ன செய்ய?"

"இட்லி டப்பா கவுந்துட்டா?"

"இத்தன வருஷம் கவுந்துச்சா?"

"கவுந்த பொறவுதான் செய்யணுமாட்டி?"

"செய்யுங்க, செய்யுங்க. முட்டு வலியில தெருமுக்கு நாக்கா வரைக்கும் நடக்க முடியாமக் கெடக்கேன். எனக்கு டிஸ்க்கு போட யாரு இருக்கா?"

சொரிமுத்து மழையைச் சொன்னாரே தவிர, காரணம் மழை இல்லை.

மகள் கலைச்செல்வி, சைஃப் என்கிற பையனைக் கட்டிக்கொண்டு கோலிவாடா பக்கம் போய்விட்டாள். அன்றைக்குப் புருஷனும் பெண்டாட்டியும் சந்தில் நின்று சத்தியம் செய்தார்கள். "அவ வாசப்படிய என் காலு மிதிக்காது" என்றார் சொரிமுத்து. பேராச்சி அதோடு நிற்கவில்லை. மாவு கிரைண்டரின் மேல் ஓங்கி அடித்து, "எனக்கு மவளே கெடையாது" என்றாள். சோறு போடுகிற கிரைண்டர். அதன் மேல் அடித்த சத்தியத்துக்கு அப்பீல் கிடையாது.

பிறகு ஒருநாள் குழாயடியில் ஒரு பேச்சு அவர் காதில் விழுந்தது. கலைச்செல்விக்கு வயிற்றில் இருந்த பிள்ளை தங்கவில்லை. வீட்டுக்கு வந்து சொன்னார். பேராச்சி அரிசி களைவதை நிறுத்தவில்லை. கண்ணில் ஒரு சொட்டு இல்லை. கல்லு, என்று நினைத்துக்கொண்டார்.

அன்றிலிருந்து மாட்டுங்காவில் விற்று முடித்தால் கோலிவாடா வழியாகத்தான் திரும்புவார். டப்பாவின் அடியில் மகளுக்கென்று கொஞ்சம் இட்லி மிச்சம் இருக்கும். படியை மிதிக்கப்போவதில்லை. வெளியில் நின்று ஒரு தடவை அவள் முகத்தைப் பார்த்தால் போதும். ஆனால் வாசலில் பிரேக்கைப் பிடித்ததும் அது சந்தே அதிர அலறும். உடனே மகள் வீட்டுக் கதவு படீரென்று சாத்திக்கொள்ளும். தினமும் இதே கதை. சாத்திய கதவைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நிற்பார். பிறகு இட்லியைத் தெருநாய்களுக்குப் போட்டுவிட்டு வருவார். அந்த நாய்கள் இப்போது சட்னி இல்லாமல் வாய் வைப்பதில்லை.

'பிள்ளையப் பறிகொடுத்தவ. அப்பன் மூஞ்சியப் பாக்கப் பிடிக்கல. சத்தம் கேட்டாலே சாத்துதா.'

சத்தமே இல்லாமல் போனால்?

மெக்கானிக் மாரிக்கண்ணன் தலையில் கை வைத்துக்கொண்டான். "அண்ணாச்சி, இது உங்க கல்யாணத்துக்கு முந்துன வண்டி. டிஸ்க்க எதுல மாட்ட? வீல மாத்தணும், ஃபோர்க்க மாத்தணும், பின்னால வெல்டிங் வைக்கணும். வேற சைக்கிளே வாங்கிரலாமே?"

"சத்தம் வருமா வராதா? அத மட்டும் சொல்லுடே."

"பூனையே தோத்துப்போவும்."

"அப்ப மாட்டு."

வேலை முடிந்தபோது பழைய சைக்கிளில் மிச்சம் இருந்தது மணியும் சீட்டும் சொரிமுத்துவும்தான்.

மறுநாள் தூறல். மகள் வீட்டு வாசலில் பிரேக்கைப் பிடித்தார். சைக்கிள் மூச்சுவிடாமல் நின்றது. கதவு திறந்தே கிடந்தது.

கலைச்செல்வி பாதியாகியிருந்தாள். அவள் தலையை மடியில் போட்டு எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தாள் பேராச்சி. நாக்கா வரைக்கும் நடக்க முடியாத பேராச்சி. அழுதுகொண்டிருந்தாள்.

சொரிமுத்துவைப் பார்த்ததும் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு சண்டைக்கு வந்தாள்.

"நல்லா நிக்கும்னுதான சொன்னிய? சத்தமே வராதுன்னு சொல்லலியே!"

"நீ எங்கட்டி இங்கன?"

"தெனமும் இங்கனதான். உங்க பிரேக்கு கத்துனதும் கதவச் சாத்திட்டுப் பின்வாசல் வழியா ஓடுவேன். நீங்க நாய்க்கு வெளம்பிட்டு வாறதுக்குள்ள, வீட்டுல தைலத்தத் தேச்சுப் படுத்துருவேன்."

"கதவச் சாத்துனது... நீயா?"

"பின்ன? 'அப்பா நிக்காவ, தெறம்மா'ன்னு இவ அழுவா. நான்தான் வாயப் பொத்துவேன்." பேராச்சியின் குரல் இறங்கியது. "கிரைண்டர்ல அடிச்சுச் சத்தியம் பண்ணுனவ. உங்க மூஞ்சியில எப்படி முழிப்பேன்?"

கலைச்செல்வி எழுந்து வந்து, "யப்பா" என்றாள். சொரிமுத்து டப்பா மூடியைத் திறந்து நீட்டினார்.

"அதெல்லாம் காலையிலயே கொண்டாந்துட்டேன்" என்றாள் பேராச்சி. "முதல் ஈடு எப்பவும் இவளுக்குத்தான். நீங்க தூக்கிட்டு அலையறது ரெண்டாவது ஈடு."

எப்போது படியை மிதித்தார், மகள் தோளில் முகத்தை வைத்துக்கொண்டு எவ்வளவு நேரம் நின்றார் என்பதெல்லாம் சொரிமுத்துவுக்கு நினைவில்லை. வெளியே வந்து சைக்கிளை எடுத்தபோது கேரியர் கனத்தது. திரும்பிப் பார்த்தார். காலி டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு பேராச்சி ஏறி உட்கார்ந்திருந்தாள்.

"என்னட்டி இது?"

"எவ்வளவு பாரம் ஆனாலும் நிக்கும்னு சொன்னியல்லா? ஓட்டுங்க. இனிமே தெனமும் நடக்க என்னால ஆவாது."