சரவணனுக்கு ஒரு நிமிட மௌனம்

நானும் அமெரிக்காவில் கன்ட்ரி பாடகனாக இருந்திருக்கிறேன். மொத்தம் ஆறு நிமிடம்.

டெக்சாஸுக்கு வந்த மூன்றாவது வருடம். சாஃப்ட்வேர் டெஸ்டிங் வேலை. எனக்கோ நாற்காலியில் உட்காரவே முடியவில்லை. மீட்டிங்கில் மேசைக்கடியில் கால் தானாக ஆடும். அரை மணிக்கொரு தரம் எழுந்து காபி மெஷின்வரை போய், காபி எடுக்காமலே திரும்புவேன். ஃப்ரீவேயில் தினமும் காரில் கன்ட்ரி பாட்டு, அதாவது இந்த ஊர் நாட்டுப்புறப் பாட்டு, கேட்டுக் கேட்டு, இதற்காகத்தான் பிறந்திருக்கிறேன் என்று முடிவு செய்தேன். (பிறந்தது ஈரோட்டில் என்பதைப் பொருட்படுத்தவில்லை.) கிடார் வாங்கினேன், கௌபாய் பூட்ஸ் வாங்கினேன். திங்கட்கிழமை அனுப்புவதற்கு ராஜினாமாக் கடிதமும் எழுதிவைத்தேன்.

என் மனைவி கவிதா கடிதத்தைப் படித்துவிட்டு நிதானமாகச் சொன்னாள்: "ரிசைன் பண்ணுனா விசாவும் போயிருமுங்க. மொதல்ல ஒருக்கா நாலு பேரு முன்னாடி பாடிப் பாருங்க."

சனிக்கிழமை மதியம் ஆஸ்டினுக்கு வெளியே ஒரு பார்பெக்யூ கடைக்குப் போனோம். அங்கே யார் வேண்டுமானாலும் மேடையேறிப் பாடலாம். என் முறை வருவதற்குள் நாலு தடவை பாத்ரூமுக்கும் இரண்டு தடவை காருக்கும் நடந்தேன். கவிதா கார்ச் சாவியை வாங்கிக் கைப்பைக்குள் போட்டுக்கொண்டாள்.

நான் எழுதிய பாட்டு, செத்துப்போன என் நாயைப் பற்றியது. நான் நாயே வளர்த்ததில்லை. கன்ட்ரி பாட்டென்றால் நாய் சாக வேண்டும் என்று நானாக நினைத்துக்கொண்டது. கிடார் ஒரு பக்கம், குரல் ஒரு பக்கம் போக, கடைசி வரியில் தேம்பிவிட்டேன் (பயத்தில்தான்).

முன்வரிசையில் இருந்த வெள்ளை மீசைப் பெரியவர் கண்ணைத் துடைத்தபடி எழுந்தார். தன்னுடைய நாயும் போன மாதம்தான் இறந்தது என்றார். பிறகு, என் நாயின் பெயர் என்ன என்று கேட்டார்.

இல்லாத நாய்க்கு நான் பெயர் யோசித்திருக்கவில்லை. அன்று காலை போனில் எனக்குப் புத்தி சொன்ன கவிதாவின் அண்ணன் பெயர்தான் வாயில் வந்தது.

"சரவணன்."

பெரியவர் தொப்பியைக் கழற்றினார். சரவணனுக்காக எல்லோரும் ஒரு நிமிடம் நிற்போம் என்றார். கடையே எழுந்து நின்றது. இறைச்சி நறுக்கியவர் கத்தியைக் கீழே வைத்தார். என் வாழ்க்கையில் அவ்வளவு நீளமான நிமிடத்தைப் பார்த்ததில்லை. உண்மையைச் சொல்லிவிடலாம் என்று வாயைத் திறப்பதற்குள் பெரியவர் என்னைக் கட்டிக்கொண்டார். அவர் தோள் குலுங்கியது. அவருடைய துக்கம் நிஜம். என்னிடம் பூட்ஸைத் தவிர எதுவும் நிஜமில்லை. கூனிக் குறுகிக் கீழே இறங்கினேன்.

கவிதா போனை என் பக்கம் திருப்பினாள். என் அரங்கேற்றத்தை வீடியோ காலில் அவள் அண்ணனுக்குக் காட்டிக்கொண்டிருந்திருக்கிறாள். திரையில், அமெரிக்காவின் இன்னொரு மூலையில் பார்சிப்பனி என்ற ஊரில் தன் வீட்டு ஹாலில், சரவணன் கைகட்டி நின்றுகொண்டிருந்தார்.

"சத்தம் சரியா கேக்கலீங்க மாப்ள. எல்லாரும் நிக்கறாங்களேன்னு நானும் நின்னேன். யாரு தவறிட்டாங்க?"

வீட்டுக்கு வந்ததும் கடிதத்தை அழித்தேன். அதே கம்பெனியில் இன்னும் காலாட்டிக்கொண்டிருக்கிறேன். சரவணனுக்கு விஷயத்தைக் கவிதா அன்றே சொல்லிவிட்டாள். இப்போது நான் போன் செய்தால் ஹலோ என்பதில்லை. "உசுரோடதான் இருக்கறன், சொல்லுங்க மாப்ள" என்றுதான் ஆரம்பிப்பார். அவர் பிறந்தநாளில் கேக் வெட்டுவதற்கு முன்னால் குடும்பமே ஒரு நிமிடம் மௌனமாக எழுந்து நிற்கிறது. அவரும் நிற்கிறார்.