இல்லாத கள்ளுக்கடையில் இடது பக்கம்

ஈப்போ, திங்கள் மாலை

மரியாதைக்குரிய மச்சான் லயனல் அவர்களுக்கு,

உங்கள் தங்கை பெட்ரீசியாவைக் கட்டிய ஆம்புரோஸ் எழுதுவது. ஆண்டவர் கிருபையால் இங்கே எல்லோரும் உயிரோடு இருக்கிறோம், அதற்கு மேல் சொல்லிக்கொள்ள ஒன்றுமில்லை. உங்கள் முட்டிவலி தேவலையா?

நீங்கள் சித்தியவானில் பேசி முடித்த மார்கஸ் வீட்டார் நேற்று எங்கள் ட்ரேசியைப் பெண் பார்க்கப் புறப்பட்டார்கள். ஈப்போவுக்கு வந்தார்கள், கேசரி சாப்பிட்டார்கள், பெண்ணைப் பார்த்தார்கள், பிடித்தும் போய்விட்டது. எல்லாம் நடந்தது மச்சான், என் வீட்டில் நடக்கவில்லை.

எங்கள் தாமான் குடியிருப்பு ரப்பர்த் தோட்டத்தை அழித்துக் கட்டியது. இருநூற்றுப் பன்னிரண்டு வீடு, எல்லாம் ஒரே சாயம், ஒரே கேட். மூன்றாம் ரோட்டுக்கு அடுத்தது ஏழாம் ரோடு. ஐந்தாம் ரோடு ஏழாம் ரோட்டுக்குள்ளே போய் அங்கேயே முடிகிறது. நேராக நடந்தால் புறப்பட்ட இடத்துக்கே வந்துவிடலாம், வந்த வழியே திரும்பினால் முடியாது. போன் வரைபடத்தில் என் வீடு குளத்துக்குள் இருக்கிறது. ஆறு வருஷம் அலைந்து நான் கண்டுபிடித்த சித்தாந்தம் இது: இருப்பதை நம்பி நடக்காதே, இல்லாததை நம்பி நட. இருப்பதை நாளைக்கே மாற்றிவிடுவார்கள், இடித்ததை மறுபடி இடிக்க யாராலும் முடியாது. நான் இதே தோட்டத்தில் மரம் சீவியவன். இன்றைக்கும் கள்ளுக்கடை இருந்த இடத்தில் திரும்பி, கைப்பிள்ளைகளை விட்டுவிட்டு வேலைக்குப் போகும் ஆயாக்கொட்டாய் இருந்த இடத்தைத் தாண்டி, காலையில் பேர் கூப்பிட்ட பெரட்டுக் களத்தில் கேட்டைத் திறந்தால் பெட்ரீசியா முறைத்துக்கொண்டு நிற்பாள். ஒரு நாளும் தவறியதில்லை.

மார்கஸின் அப்பாவும் சுங்காய்ப் பக்கம் தோட்டத்தில் பிறந்தவர் ஆயிற்றே என்று அதே வழியைப் போனில் சொன்னேன்.

"கள்ளுக்கட தெரியுதாண்ணே?"

"தெரியுதுலா."

"அதுல இடது பக்கம். ஆயாக்கொட்டாய்?"

"இப்பதான் தாண்டுனோம்."

"பெரட்டுக் களம்?"

"வந்துட்டோம் சம்பந்தி!"

போனை வைத்துவிட்டார். நான் வாசலில் கைகூப்பி இரண்டு மணி நேரம் நின்றேன். அப்புறம்தான் உறைத்தது, அந்த மனுஷன் மனசுக்குள் பார்த்தது சுங்காய்க் கள்ளுக்கடையை! எல்லாத் தோட்டத்தையும் வெள்ளைக்காரன் ஒரே மாதிரிதானே கட்டிவைத்தான், என் சித்தாந்தத்தில் இந்த ஓட்டையை நான் யோசிக்கவே இல்லையே மச்சான்.

அவர்கள் போய் இறங்கியது ஏழாம் ரோட்டு ராமையா வீட்டில். மகள் தினேஸ்வரியைப் பார்க்க யாரோ வருகிறார்கள் என்று அவரும் காத்திருந்தாராம். சுவரில் முருகனைப் பார்த்து மார்கஸின் அம்மா திகைக்க, "பரந்த மனசுக்காரங்கலா, சும்மா இரு" என்று மார்கஸின் அப்பா அடக்கினாராம். வாக்குக் கொடுத்த பிறகுதான் வீடு மாறியது தெரிந்தது. சாப்பிட்ட கையோடு மறுக்க முடியவில்லையாம். இதையெல்லாம் ராமையாவே இன்று காலை லட்டு கொண்டுவந்து சொன்னார். நானும் ஒன்று சாப்பிட்டேன், வேறு என்ன செய்ய?

ட்ரேசிக்கு முப்பத்து மூன்று. இது ஏழாவது சம்பந்தம். தலையிலிருந்த பூவை எடுத்து ஐஸ்பெட்டியில் வைத்துவிட்டுத் துணி மடித்தாள். அதைப் பார்த்ததிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. பெற்ற மகளின் வாழ்க்கையை இல்லாத கள்ளுக்கடையில் தொலைத்த தகப்பன் நான். என்னைத் தஞ்சோங் ரம்புத்தான் பைத்தியக்கார ஆஸ்பத்திரியில் கொண்டுபோய் விட்டுவிடுங்கள், அதற்காவது எல்லோருக்கும் வழி தெரியும். இத்தோடு சித்தாந்தத்தை விட்டேன். எப்படியாவது இன்னொரு வீட்டாரை வரும் ஞாயிறே அனுப்புங்கள், நான் ஹைவே முனையில் குடையோடு நிற்கிறேன்.

அக்காவுக்கு என் தோத்திரம். பிள்ளைகளை ஆண்டவர் நேர்வழியில் நடத்துவாராக, நான் காட்டிய வழியில் வேண்டாம்.

இப்படிக்கு,
முகம் காட்ட முடியாத
ஆம்புரோஸ்

பி.கு.: உறையை ஒட்டுவதற்குள் ட்ரேசி இதைப் படித்துவிட்டாள். தினேஸ்வரி அவள் ஆபீஸ் தோழியாம். மார்கஸும் அந்தப் பெண்ணும் மூன்று வருஷமாக விரும்புகிறார்களாம். வேறு மதத்து வீட்டு வாசலை மிதிக்கமாட்டேன் என்று மார்கஸின் அப்பா நின்றதால், ராமையா வீட்டு வாசலிலேயே நின்று அந்த இடத்தை மார்கஸ் போனுக்கு அனுப்பியவள் என் மகள். காரை ஓட்டியது மார்கஸ். அவன் அப்பா என் பேச்சுக்குச் சும்மா "தெரியுது" போட்டிருக்கிறார். "ஏம்மா எங்கிட்ட சொல்லல?" என்றேன். "எனக்குக் கல்யாணம் வேணுமான்னு ஒரு வாட்டியாச்சும் கேட்டீங்களாப்பா?" என்றாள். ஏழு தடவையும் கேட்டதில்லை மச்சான். இப்போது கேட்டேன். "வேணாம்பா" என்றாள். ஞாயிற்றுக்கிழமை யாரையும் அனுப்பாதீர்கள்.