காலஞ்சென்ற திரு. ஹவெல்

கும்பகோணத்தில் கடந்த நாற்பது வருஷத்தில் ஒரு கல்யாணம்கூடப் பூர்வீகம் சாரின் சம்மதம் இல்லாமல் நடந்ததில்லை. ஜோசியர் பொருத்தம் பார்ப்பார், பெரியவர்கள் தட்டு மாற்றுவார்கள், மண்டபம் பிடிப்பார்கள். அதெல்லாம் ஒத்திகை. பத்திரிகையில் போட்டிருக்கிற தாத்தா பெயரும் ஊர்ப் பெயரும் சரிதான் என்று பூர்வீகம் சார் சிவப்புப் பேனாவில் ஒரு டிக் போட்டால்தான் மாப்பிள்ளை மாப்பிள்ளை.

கடைத்தெருவில் ஒரு அச்சகத்தில் புரூஃப் பார்க்கிறவர். வீட்டில் வைத்த பெயர் ஒன்று உண்டு. அதைச் சொல்லி யாரும் கூப்பிட்டதில்லை, நானும் இங்கே எழுதப்போவதில்லை. பத்திரிகை அடிக்க யார் படியேறினாலும், 'வாங்க' என்பதற்கு முன்னால் 'பூர்வீகம் எது?' என்பார். அதுவே பேராகிவிட்டது.

மனிதருக்கு உட்காரத் தெரியாது. அச்சகத்தில் அவருக்கென்று ஒரு நாற்காலி போட்டார்கள். அதில் காகிதக் கட்டுதான் உட்கார்ந்திருக்கும். புரூஃபைக் கையில் வாங்கினால் கால் தானாகக் கிளம்பிவிடும். மகாமகக் குளத்தைச் சுற்றி நடந்துகொண்டேதான் படிப்பார். சின்னக் குடும்பம் என்றால் ஒரு சுற்று. சித்தப்பா, பெரியப்பா, தாய்மாமன் என்று பட்டியல் நீண்டால் மூன்று சுற்று. ஒருதடவை படிக்கிற மும்முரத்தில் முன்னால் போன கும்பலோடு சேர்ந்து யாரோ ஒருவர் வீட்டுக் கிரகப்பிரவேசத்துக்குள் போய்விட்டார். சாப்பிடச் சொன்னார்கள், சாப்பிட்டார். கை கழுவிவிட்டு வந்து, அவர்கள் பத்திரிகையில் ரெண்டு தப்பைச் சுழித்துக் கொடுத்துவிட்டு வந்தார்.

இன்னொருதடவை டவுன் பஸ்ஸில் ஏறிச் சுவாமிமலையில் இறங்கினார். ஏன் ஏறினார் என்று அவருக்கே தெரியாது. இறங்கினவர் சும்மா வந்தாரா? சிலை வார்க்கிற பட்டறை ஒன்றில் நுழைந்து, கையிலிருந்த பத்திரிகையின் மாப்பிள்ளைக்கு உண்மையான தாத்தா யார் என்று விசாரித்துக்கொண்டு வந்துவிட்டார். அச்சடித்திருந்தவர் தாத்தாவின் தம்பியாம்!

இப்படிப்பட்டவரிடம் பொய் பலிக்குமா? ஊரில் பெரிய மனிதர் ஒருவர் தன் தாத்தாவை 'மிராசுதார்' என்று எழுதிக்கொடுத்தார். சார் அதை அடித்துவிட்டார்.

"உங்க தாத்தா குத்தகைக்கு உழுதவரு. அதுல என்னங்க கேவலம்? குத்தகைதாரர்னு போடுங்க, கம்பீரமா இருக்கும்."

"யோவ், பத்திரிகை என்னுது!"

"தாத்தாவும் உங்களுதுதான். அதான் சொல்றேன்."

குதித்துப் பார்த்தார் பெரிய மனிதர். கடைசியில் 'விவசாயி' என்று அச்சாயிற்று.

இதெல்லாம் மற்றவர்களுக்கு நடந்தவரை எனக்கு வேடிக்கையாகத்தான் இருந்தது. என் வீட்டுக்கே வந்து சேர்ந்தபோது வேடிக்கை போய்விட்டது.

என் மகள் கயல்விழி வேல்ஸில், கார்டிஃப் என்ற ஊரில் நர்ஸ். அங்கே அவளுக்குப் பெயரே போய்விட்டது. பாஸ்போர்ட்டில் 'சர்நேம்' என்ற கட்டத்தில் என் பெயரை எழுதித் தொலைத்தோம். ஆஸ்பத்திரி முழுக்க அவளை 'செல்வராஜ், செல்வராஜ்' என்று கூப்பிடுகிறார்கள். "அப்பா, உங்க பேருல பேஷன்ட் என்னைத் திட்டுறாங்கப்பா" என்பாள். அப்படிச் செல்வராஜ் என்று கூப்பிட ஆரம்பித்து, அப்புறம் கயல் என்று கூப்பிட்ட பையன்தான் கேரத் பவல். ஒரு வெள்ளிக்கிழமை ஃபோனில் விஷயத்தைச் சொன்னாள். நல்ல பையன். எனக்கும் என் மனைவிக்கும் ஆட்சேபம் இல்லை.

ஆட்சேபம் இருக்கக்கூடிய ஒரே ஆள் பேராவூரணியில் இருந்தார். என் அண்ணன். அப்பா போனபோது எனக்கு ஒன்பது வயசு. அன்றிலிருந்து தென்னந்தோப்பில் மட்டை பொறுக்கி என்னைப் படிக்கவைத்தவர். கயல் தீர்மானமாகச் சொல்லிவிட்டாள்: "பெரியப்பா தாலி எடுத்துக் குடுக்கலைன்னா எனக்குக் கல்யாணமே வேணாம்பா." அண்ணனும் தீர்மானமாகச் சொல்லிவிட்டார்: "வெள்ளைக்காரனா இருக்கட்டும், பச்சைக்காரனா இருக்கட்டும். அப்பன் பேரு, தாத்தன் பேரு இல்லாத பத்திரிகையில என் பேரு வராதுடா. நானும் வரமாட்டேன்."

கேரத்துக்கு அப்பா பெயர் கிடையாது. வயிற்றில் இருக்கும்போதே விட்டுப்போன மனுஷன், திரும்பவில்லை. வளர்த்தது அம்மா மேகன். பவல் என்பதும் அம்மா வழிப் பெயர்தான். இதை அண்ணனிடம் சொல்கிற தைரியம் எனக்கு இல்லை. தை மாதம் முகூர்த்தம். சம்பா அறுப்புக்கு மிஷின் சொல்லவேண்டும், மண்டபத்துக்குப் பந்தல் சொல்லவேண்டும், எதிலும் மனசு நிற்கவில்லை. பூர்வீகம் சாரிடம் ஓடினேன்.

"பவலா? பூர்வீகம் எது?" என்றார் சார்.

"தெரியலையே சார்."

"தெரியாம எப்படிப் பொண்ணு குடுக்குறீங்க? போடுங்க அந்தம்மாவுக்கு ஃபோனை!"

வீடியோவில் மேகன் வந்தார். கயல் நடுவில் நின்று மொழிபெயர்த்தாள். சார் என் ஃபோனைப் பிடுங்கிக்கொண்டு குளத்தங்கரையில் நடக்க ஆரம்பித்துவிட்டார். ஃபோனில் கோபுரம் தெரியும், மாடு தெரியும், சார் மூக்கு தெரியும். "அப்பா, சாரைக் கொஞ்சம் நிக்கச் சொல்லுங்க, அத்தைக்குத் தலை சுத்துதாம்" என்று கயல் கெஞ்சினாள். நிற்பாரா?

ரெண்டு சுற்று முடிந்து வந்தபோது முகம் ஜொலித்தது.

"செல்வராஜு! இவங்க நம்மாளுங்கய்யா!"

"எப்படி சார்?"

"பவல்ங்கறது ஊரும் இல்ல, சாதியும் இல்ல. ஆப் ஹவெல். ஆப்னா மகன். ஹவெல் மகன்னு அர்த்தம். சொல்ற வேகத்துல ஒட்டிக்கிச்சு. அந்தக் காலத்துல அவங்களுக்கு சர்நேமே கிடையாதாம். இன்னார் மகன் இன்னார், அவரு மகன் இன்னார்னு ஏழு தலைமுறை சொல்லுவாங்களாம். இங்கிலீஷ்காரன் கோர்ட்டுல பேரு எழுதுறவனுக்குக் கை வலிச்சிருக்கு. இவ்ளோ நீளம் ஆகாது, ஏதாவது ஒண்ணு சொல்லுன்னுட்டான். கடைசியா நின்ன அப்பன் பேரு அப்படியே பரம்பரைக்கும் நின்னுபோச்சு. உன் மகளுக்கு பாஸ்போர்ட் ஆபீஸ்ல ஆன கதைதான்!"

அன்று முழுக்க அச்சகத்துக்கு வந்தவர்களையெல்லாம் பிடித்துவைத்துச் சொன்னார். ரைஸ் மகன் பிரைஸ், ஓவன் மகன் போவன், ஹ்யூ மகன் ப்யூ. வாய்ப்பாடு மாதிரி ஒப்பித்தார். ஹவெல் என்றால் 'பளிச்சென்று கண்ணுக்குத் தெரிகிறவன்' என்று பொருளாம். அந்த மூல ஹவெல் யார் என்று மட்டும் மேகனுக்கே தெரியாது. நானூறு ஐந்நூறு வருஷத்துக்கு முந்தின ஆள்.

சார் எழுதிக்கொடுத்த வாசகம் இது: 'வேல்ஸ் தேசம் எம்ரிஸ் பவல் அவர்களின் மகள்வழிப் பேரனும், திருமதி மேகன் பவல் அவர்களின் மகனுமான.'

அப்பா இடம் காலி. இதை அண்ணன் எப்படி ஒத்துக்கொள்வார்? அங்கேதான் புத்தி பிசகியது.

"சார், ஹவெல் மகன்னு பேருலயே இருக்குல்ல? காலஞ்சென்ற திரு. ஹவெல் அவர்களின் மகன்னு போட்டுருங்களேன். காலஞ்சென்றவருதானே, பொய்யில்லையே!"

சார் என்னைப் பார்த்த பார்வையில் நான் பாதியாகிவிட்டேன். "செத்தவர வச்சு உசிரோட இருக்கிற அம்மாவ மறைக்கிறீங்களா?" என்று கேட்டுவிட்டு நடக்கப் போய்விட்டார்.

நான் என்ன செய்தேன்? அவர் தலை மறைந்ததும், கம்ப்யூட்டரில் டைப் அடிக்கிற பெண்ணிடம் அந்த வரியைச் சேர்க்கச் சொல்லி, மாதிரியை வாட்ஸப்பில் அண்ணனுக்கு அனுப்பினேன். வெட்கக்கேடு, ஒத்துக்கொள்கிறேன்.

அரை மணியில் ஃபோன்.

"ஏன்டா, மாப்பிள்ளைக்கு அப்பா இல்லையா? சொல்லவே இல்லையே, பாவம்! எப்பத் தவறினாரு?"

"ரொம்ப நாளாச்சுண்ணே."

"தலைத்திவசம் முடிஞ்சுதா?"

"அதெல்லாம் எப்பவோ முடிஞ்சுதுண்ணே."

"திதி என்ன?"

"கேட்டுச் சொல்றேண்ணே."

"அவங்க ஊருல செய்வாங்களோ மாட்டாங்களோ. நம்ம வீட்டுக்கு வர்ற மாப்பிள்ளையோட அப்பன். கல்யாணத்துக்கு முன்னாடி நம்ம அப்பாவுக்குப் படையல் போடும்போது பக்கத்துல அவருக்கும் ஒரு எலை போட்டுருவோம். என்ன விரும்பிச் சாப்பிடுவாரு? சுருட்டு உண்டா? ஃபோட்டோ ஒண்ணு அனுப்பச் சொல்லுடா, ஃப்ரேம் போட்டு மாலை போடணும்."

ரெண்டு நாள் ஃபோனை எடுக்காமல் ஒளிந்தேன். மூன்றாம் நாள் அச்சக வாசலில் பேராவூரணித் தேங்காய் மூட்டை ஒன்று இறங்கியது. பின்னாலேயே அண்ணன். கையில் ஒரு பெட்டி சுருட்டு.

"நீ எடுக்கமாட்டேங்குற. அதான் நானே வந்தேன். எங்க ஹவெல் ஃபோட்டோ?"

சார் புரூஃபிலிருந்து தலையைத் தூக்கினார். அண்ணனைப் பார்த்தார், சுருட்டைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். எல்லாம் புரிந்துவிட்டது அவருக்கு. அண்ணன் கையைப் பிடித்துக்கொண்டு, "வாங்க, ஒரு சுத்து நடந்துட்டு வருவோம்" என்றார். குற்றவாளி மாதிரி நான் பின்னால் போனேன்.

வடகரை முடிவதற்குள் சார் எல்லாவற்றையும் சொல்லிவிட்டார். அண்ணன் திரும்பி என்னைப் பார்த்தார்.

"ஐந்நூறு வருஷமா? ஏன்டா, அவருக்கா நான் சுருட்டு வாங்கிட்டு வந்தேன்?"

"அண்ணே..."

"பேசாத. அப்ப இந்தப் பையனுக்கு அப்பன் யாரு?"

"பேரு கிடையாதுங்க. அம்மாதான்" என்றார் சார்.

"அப்ப என் பேரும் கிடையாது." அண்ணன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு பஸ் ஸ்டாண்டு பக்கம் திரும்பினார். கயலின் முகம் என் கண்ணில் வந்து நின்றது.

அப்போது பூர்வீகம் சார் நின்றார். நடந்துகொண்டிருக்கும்போது அவர் நின்று நான் பார்த்ததே இல்லை.

"எனக்கும் அப்படித்தாங்க" என்றார். "என் இனிஷியல் எங்கம்மா பேரு. சேதுவம்மாள். பள்ளிக்கூடத்துல அப்பா பேரு என்னன்னு கேட்டப்ப, எம்பேர எழுதிக்குங்கன்னு சொல்லிட்டாங்க. எனக்கும் ஒரு எடத்துல பொண்ணு பார்த்தாங்க. எல்லாருக்கும் பிடிச்சிருந்திச்சு. பத்திரிகை எழுத உக்காந்தப்ப அப்பா பேரு கேட்டாங்க. அந்தப் பத்திரிகை அச்சாகல."

அவ்வளவுதான் சொன்னார். அழவில்லை, குரலும் மாறவில்லை. கால் மட்டும் நின்ற இடத்திலேயே தரையைத் தேய்த்துக்கொண்டிருந்தது. ஊருக்கெல்லாம் தாத்தா தேடிய மனிதர் எதை மறக்க இந்த நடை நடந்தார் என்று எனக்கு அன்றைக்குத்தான் உறைத்தது.

அண்ணன் திரும்பி வந்தார். அப்புறம் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, நாற்பது வருஷமாக யாரும் அவரிடம் கேட்காத கேள்வியைக் கேட்டார்.

"உங்களுக்குப் பூர்வீகம் எதுங்க?"

சார் யோசிக்கவே இல்லை. "அம்மாதாங்க."

அண்ணன் என் பக்கம் திரும்பினார். "டேய், நம்ம அப்பா போனப்புறம் நம்மள வளர்த்தது யாருடா? நம்ம அம்மாவும் நானும் அந்தத் தோப்பும்தானே? எவன் பேர வச்சுடா வளர்ந்தோம்? அந்த மேகன் அம்மா பேரப் போடு. பெரிய எழுத்துல போடு." நடக்க ஆரம்பித்தவர் நின்றார். "கீழ பெரியப்பான்னு என் பேரு வருதில்ல? அதுக்கு அடுத்தாப்புல இவரு பேரையும் போடு. அவங்கம்மா பேரோட."

சுருட்டுப் பெட்டி வீணாகவில்லை. படையலன்று எங்கள் அப்பா இலைக்குப் பக்கத்தில் ஹவெலுக்கும் ஒரு இலை விழுந்தது. ஃபோட்டோ இல்லாததால் அந்த இடத்தில் ஒரு விளக்கு ஏற்றிவைத்தார் அண்ணன். "ஐந்நூறு வருஷமா பசியோட இருக்காரு, போடுடா இன்னொரு வடை" என்றார்.

அது அப்புறம். அதற்கு முன்னால், கடைசிப் புரூஃபை நான்தான் சாரிடம் கொடுத்தேன். கீழே அண்ணன் சொன்ன வரியும் சேர்ந்திருந்தது. வழக்கம்போல வாங்கிக்கொண்டு கிளம்பினார். ஒரு சுற்று, ரெண்டு, மூன்று. பட்டியல் அவ்வளவு நீளமில்லை. ஐந்தாவது சுற்று முடிந்து வந்தார்.

சிவப்புப் பேனா ஒரே ஒரு இடத்தில்தான் பட்டிருந்தது. அண்ணனுக்கு அடுத்தாற்போல் சாருக்கும் 'பெரியப்பா' என்று போட்டு, 'திருமதி சேதுவம்மாள் அவர்களின் மகன்' என்று நான் எழுதியிருந்ததில், 'திருமதி'யை அடித்துவிட்டு 'காலஞ்சென்ற' என்று திருத்தியிருந்தார்.

"அம்மா தவறி பதினோரு வருஷம் ஆச்சு செல்வராஜு. தப்பா போயிடக்கூடாதுல்ல."

சொல்லிவிட்டு, நாற்காலியிலிருந்த காகிதக் கட்டைத் தூக்கிக் கீழே வைத்தார். உட்கார்ந்தார். ஒரு டீ சொல்லச் சொன்னார்.

எனக்கு ஒரே அண்ணன் என்றுதான் இத்தனை வருஷம் எல்லாரிடமும் சொல்லிக்கொண்டிருந்தேன். இப்போது யாராவது கேட்டால் ரெண்டு பேர் என்கிறேன்.