மிதி பாடம்

"பேண்ட முட்டுக்கு மேல சுருட்டுங்க சார். இல்லேன்னா மண்ணு ஏறிப் பிடிச்சிரும், கேட்டோ" என்றாள் பகவதியம்மாள்.

பூதலிங்கம் குனிந்து தன் பேண்டைப் பார்த்தான். நாளை பெண் பார்க்கப் போகும்போது போட்டுக்கொள்ள அம்மா எடுத்துக் கொடுத்த புது பேண்ட். அதை இன்றைக்கே போட்டு வந்தது தப்பு. இந்தச் சந்துக்குள் நுழைந்தது அதைவிடப் பெரிய தப்பு. அவன் வந்தது மண் மிதிக்க அல்ல. நாளை பார்க்கப் போகும் பெண்ணை யாருக்கும் தெரியாமல் ஒரு தடவை பார்த்துவிட்டுப் போகத்தான் வந்தான்.

அதற்குக் காரணம் வள்ளியூர். அங்கே அவனுக்கு முதலில் ஒரு பெண் பார்த்தார்கள். அறை நிறைய மாமாக்கள் உட்கார்ந்திருந்தார்கள். அவனால் தலையைத் தூக்கவே முடியவில்லை. பஜ்ஜித் தட்டையே பார்த்துக்கொண்டு இருந்துவிட்டு எழுந்து வந்தான். மாப்பிள்ளைக்குப் பஜ்ஜியைத்தான் பிடித்திருக்கிறது போல என்று பெண்ணே சொல்லிவிட்டதாக மறுநாள் தகவல் வந்தது. அது நாகர்கோவில் வடசேரி வரைக்கும் பரவியது. அங்கே அவன் கடையில் பிளாஸ்டிக் குடம் வாங்க வந்தவர்கள்கூடப் போகும்போது பஜ்ஜியைப் பற்றி விசாரித்துவிட்டுப் போனார்கள்.

முப்பத்துமூன்று வயதில் இன்னொரு வள்ளியூரை அவன் தாங்க மாட்டான். முகத்தை முன்கூட்டியே ஒரு தடவை பார்த்துப் பழகிவிட்டால் நாளை நிமிர்ந்து உட்காரலாம் என்று தோன்றியது. சாலைக் கடைத்தெருவில் சரக்கு பார்க்க வேண்டும், ராத்திரி தம்பானூரில் லாட்ஜில் தங்கிக்கொள்கிறேன், நீங்கள் காலையில் காரில் வந்து கூட்டிக்கொள்ளுங்கள் என்று அம்மாவிடம் சொல்லிவிட்டு ஒரு நாள் முன்னதாகத் திருவனந்தபுரத்துக்கு பஸ் ஏறினான். தரகர் கொடுத்திருந்த அவன் போட்டோ காலேஜில் எடுத்தது. அதை வைத்து அவனை அவன் அம்மாவே கண்டுபிடிப்பது கஷ்டம்.

மணக்காட்டில் ஆட்டோவை விட்டு இறங்கி வீட்டைக் கண்டுபிடித்தான். முற்றம் முழுக்க மண்கலங்கள். ஆற்றுகால் அம்மன் கோயில் பொங்காலை நெருங்கிக்கொண்டிருந்தது. அன்றைக்கு ஊர்ப் பெண்கள் எல்லாரும் தெருவில் அடுப்பு கூட்டிப் பொங்கலிடுவார்கள். ஆளுக்கொரு புதுக் கலம் வேண்டும். முற்றத்தில் கலம் இருந்தது, பெண் இல்லை. கேட்டுக்கு மேலே எட்டிப் பார்த்தான். பிறகு இன்னும் கொஞ்சம் எட்டினான். கேட் திறந்துகொண்டது.

உள்ளே நின்ற பகவதியம்மாள் அவனை மேலும் கீழும் பார்த்தாள். பெண்ணின் அத்தை, தாய் தகப்பன் இல்லாத பெண்ணை வளர்த்தவள் என்று தரகர் சொல்லியிருந்தார்.

"யாரு, கிளாஸுக்கு வந்த ஆளா?"

என்ன கிளாஸ் என்று அவனுக்குத் தெரியாது. ஆனால் அந்த நிமிடத்தில் எந்த கிளாஸாக இருந்தாலும் சேரத் தயாராக இருந்தான்.

"ஆமா. நான் டூரிஸ்டு" என்றான்.

ஊரைக் கேட்டாள். கோயம்புத்தூர் என்றான். பேரைக் கேட்டாள். தெருவில் நின்ற லாரியின் நெற்றியில் எழுதியிருந்ததைப் படித்து, உச்சிமாகாளி என்றான். வெளியூர்க்காரர்கள் இப்படிப் பானை செய்யப் படிக்க வருவது உண்டு, முதல் பாடம் மிதி, அடுத்தது பிசை, அதிலெல்லாம் தேறினால்தான் சக்கரம் என்று அவள் விளக்கினாள்.

"போன வாரம் ஒரு சாரு வந்தாரு. மிதியிலயே பெயிலு" என்று வருத்தத்தோடு சொன்னாள்.

இப்படித்தான் பூதலிங்கம் குழிக்குள் இறங்கினான். மண் கணுக்காலைப் பிடித்து உள்ளே இழுத்தது. ஒரு காலை எடுத்தால் மற்றக் கால் போய்விடும் போலிருந்தது. காலில் தட்டும் கல்லை எல்லாம் பொறுக்கி வெளியே போட வேண்டும் என்றாள். அவன் மிதித்தான், பொறுக்கினான், மறுபடியும் மிதித்தான். பாதிக் குழி முடிந்தபோது பகவதியம்மாள் அவ்வளவுதான் என்பாள் என்று நினைத்தான். அவள் மூலையில் கிடந்த இன்னொரு குவியலைக் குழிக்குள் தள்ளினாள்.

அப்போது ஒரு பெண் தண்ணீர்க் குடத்தோடு வந்தாள். மண் படிந்த கையால் தலைமுடியை ஒதுக்கியதில் நெற்றியில் ஒரு கோடு காய்ந்திருந்தது.

"கௌசல்யா, சாரு நிக்கிற பக்கமா ஊத்து" என்றாள் அத்தை.

பூதலிங்கம் நிமிர்ந்து பார்த்தான். முகத்தை நேராகப் பார்த்தான். மிதிக்க மறந்து நின்றதில் முழங்காலையும் தாண்டி இறங்கிவிட்டான். சுருட்டிய பேண்ட் மண்ணுக்குள் போனது. கையைப் பிடித்து இழுத்துவிடலாமா என்று யோசித்துவிட்டு அவள் ஒரு மூங்கில் கம்பை நீட்டினாள்.

அவன் வெளியே வந்ததும் அவள் குடத்தைக் கவிழ்த்துக் காட்டினாள். அடியில் கீறல் விட்டு ஒழுகிக்கொண்டிருந்தது.

"இந்த நாகர்கோவில் பிளாஸ்டிக் குடமே இப்படித்தான் சார். ஒரு மாசம் நிக்காது."

பூதலிங்கத்தால் பொறுக்க முடியவில்லை. "வெயில்ல வச்சா எந்தக் குடந்தான் நிக்கும்? இது பழச உருக்கிச் செஞ்ச செகண்ட்ஸ் மாலு. புதுசுல செஞ்ச விர்ஜின் மாலு வாங்கணும். விளிம்ப மடக்கிப் பாத்தாத் தெரியும்" என்று குடத்தை வாங்கி மடக்கிக் காட்டினான்.

"டூரிஸ்டுக்குக் குடத்தப் பத்தி நல்லாத் தெரியுதே" என்றாள் கௌசல்யா.

"கோயம்புத்தூர்ல எல்லாருக்கும் தெரியும்" என்றான்.

பாடம் பிசைவதற்கு வந்தது. முழங்கை வரை மண்ணோடு அவன் உட்கார்ந்திருந்தபோது சட்டைப்பையில் செல்போன் அடித்தது. அடித்துக்கொண்டே இருந்தது. எடுக்கப் போனால் போன் போய்விடும். அவன் தவிப்பதைப் பார்த்து கௌசல்யா தன் கையைச் சேலைத் தலைப்பில் துடைத்துவிட்டு, போனை எடுத்து, பட்டனை அமுக்கி அவன் காதருகே பிடித்தாள்.

அவன் அம்மா போனை நம்பிப் பேசுகிறவள் அல்ல. நாகர்கோவிலிலிருந்து நேராகத் திருவனந்தபுரத்துக்குக் கேட்க வேண்டும் என்று பேசுகிறவள்.

"மக்கா பூதலிங்கம், பொண்ணு வீட்டுக்கு அல்வா வாங்கினியா? நாளைக்காவது தலையத் தூக்கி அந்தப் பிள்ளையப் பாருடே."

கௌசல்யா முகத்தில் எந்த மாற்றமும் இல்லை. போனை அணைத்து அவன் பையிலேயே போட்டாள்.

"சாருக்கு ரெண்டு பேரா?"

"வீட்ல அப்படிக் கூப்பிடுவாங்க."

"பொண்ணு வீடுன்னு சொன்னாங்களே."

அவன் மண் உருண்டையைப் பார்த்துக்கொண்டு சொன்னான். "எனக்கில்ல. சொந்தத்துல ஒரு பையன். நாளைக்குப் பொண்ணு பாக்கப் போறோம்."

அவளும் ஒரு உருண்டையை எடுத்துப் பிசைய ஆரம்பித்தாள். "ஆளு எப்படி?"

இதுவரை இந்தக் கேள்வியை யாரும் அவனிடம் கேட்டதில்லை. தரகர்கள் கடை எப்படி, வீடு எப்படி என்றுதான் கேட்டிருந்தார்கள்.

"கெட்டவன் இல்ல" என்றான். "கொஞ்சம் பயந்தவன். நாலு பேரு இருந்தா நிமிர மாட்டான். பொண்ணப் பிடிக்கலேன்னு நெனச்சிருவாங்க. அப்படி இல்ல."

"பொண்ணுக்கு அவரப் பிடிக்கலேன்னா?"

"தைரியமாச் சொல்லிரணும். அவன் தப்பா எடுத்துக்க மாட்டான். யாரோ சொன்னாங்கன்னு ஒரு பொண்ணு தலையாட்டி வந்தா, அதத்தான் அவனால தாங்க முடியாது."

அவள் கையிலிருந்த உருண்டையைப் பிசைந்து முடித்தாள். பிறகு, "பிசஞ்சது மதி சார், போதும். சக்கரத்துக்கு வாங்க" என்றாள்.

சக்கரம் மோட்டாரில் ஓடியது. அவள் எதிரே உட்கார்ந்து, அவன் விரலில் படாமல் மண்ணை மட்டும் தொட்டுச் சொல்லிக் கொடுத்தாள். கலம் எழுந்தது. ஒரு பக்கம் சாய்ந்து, பக்கத்து வீட்டுப் பேச்சை ஒட்டுக் கேட்பதுபோல நின்றது. அவள் நூலால் அறுத்து, பதமாக ஏந்தி, பலகையில் இருந்த மற்றக் கலங்களோடு வைத்தாள். முதல் கலத்துக்கு மோசமில்லை என்றாள். அத்தை கூப்பிட்ட குரலுக்கு உள்ளே போனாள்.

பூதலிங்கத்துக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. அவர்களுடையதும் மண்பாண்டம் செய்த குடும்பம்தான் என்றாலும், அப்பா காலத்திலேயே கடையில் பிளாஸ்டிக் ஏறிவிட்டது. ஒரு கலம் உருவாவதை அவன் பார்த்ததே இல்லை. தன் கலத்தை இன்னொரு முறை பார்க்க வேண்டும் போலிருந்தது. மெதுவாகத் தூக்கினான். உள்ளே எட்டிப் பார்த்தான். தன் கால் கட்டைவிரல் தெரிந்தது.

கலத்துக்கு அடியே இல்லை.

தூக்கியதில் பெயர்ந்துவிட்டது என்று நினைத்தான். சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, அதைப் பலகையின் கடைசியில் ஒளித்து, அந்த இடத்தில் வேறொன்றை வைப்பதற்காக அவள் செய்த கலம் ஒன்றைத் தூக்கினான். அதற்கும் அடி போய்விட்டது. அவசரமாக அதைக் கீழே வைத்து அடுத்ததைத் தூக்கினான். அதுவும் போனது. அவன் கை பட்ட ஒவ்வொரு கலமும் அடி இழந்தது. எல்லாம் பொங்காலைக்கு வைத்த கலம்.

ஓடிவிடலாம். கேட் திறந்தேதான் இருந்தது. ஆனால் அந்தப் பெண் இவ்வளவையும் உட்கார்ந்து செய்திருக்கிறாள். பூதலிங்கம் பிசைந்த மண்ணை எடுத்துச் சப்பாத்திபோலத் தட்டினான். ஒவ்வொரு கலத்தையும் கவிழ்த்து, ஒரு சப்பாத்தியை ஒட்டி, தண்ணீர் தொட்டுத் தடவினான். ஈரம் அதிகமாகி இரண்டு கலங்கள் உட்கார்ந்துவிட்டன. அவற்றை முட்டுக்கொடுக்க மற்றதைச் சேர்த்து வைத்தான். அவை ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டன.

கௌசல்யா திரும்பி வந்தபோது பலகையில் கலங்கள் இல்லை. ஒரே ஒரு நீளமான பொருள் இருந்தது.

"நான் தொட்டதும் அடி போயிருச்சு. எல்லாத்துக்கும் வச்சுட்டேன்" என்றான் பூதலிங்கம்.

அவள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சக்கரத்தின் ஓரத்தில் உட்கார்ந்துவிட்டாள். தோள் குலுங்கியது. அழுகிறாளோ என்று அவன் பயந்தான். பேச முடிந்தபோது அவள் சொன்னாள்: சக்கரத்திலிருந்து எடுக்கும்போது எந்தக் கலத்துக்கும் அடி இருக்காது. பாதி காய்ந்த பிறகு, உள்ளே கல்லைப் பிடித்து வெளியே பலகையால் தட்டித் தட்டித்தான் அடியை மூட வேண்டும். இப்படி ஈர மண்ணை ஒட்டினால் காயும்போது வெடித்துவிடும்.

பகவதியம்மாள் வந்து பார்த்தாள். அவள் சிரிக்கவில்லை. பலகையை அப்படியே தூக்கிக் குழிக்குள் கவிழ்த்தாள்.

"மறுபடியும் மொதப் பாடத்துலேருந்து வரணும் சார்" என்றாள்.

பூதலிங்கம் குழிக்குள் இறங்கினான். சாயந்திரம் வரை மிதித்தான். கௌசல்யா விட்ட வேலையை முதலிலிருந்து செய்தாள். அவள் கேட்கும்போதெல்லாம் இவன் உருண்டை பிடித்துக் கொடுத்தான். கிளம்பும்போது பேண்ட் தன் சொந்தக் காலில் நிற்கும் அளவுக்கு விறைத்திருந்தது. அவள் ஒரு பழைய வேட்டியைக் கொடுத்தாள்.

லாட்ஜ் ஜன்னலிலிருந்து பஸ் ஸ்டாண்டு தெரிந்தது. நாகர்கோவில் பஸ்கள் ஒன்றன்பின் ஒன்றாகக் கிளம்பின. காலையில் வயிற்றுவலி என்று அம்மாவுக்கு ஒரு போன் செய்தால் தீர்ந்தது. பொய்ப் பேர், பொய் ஊர், போதாததற்குக் கலங்கள். எந்த முகத்தோடு போவது? ஆனால் பிடிக்கவில்லை என்றால் தைரியமாகச் சொல்ல வேண்டும் என்று அவளிடம் சொன்னவன் அவன்தான். அவள் சொல்வதற்காவது எதிரே போய் உட்கார வேண்டும்.

மறுநாள், ராத்திரியே வாங்கி வைத்த புது வேட்டியில் காரை விட்டு இறங்கினான். நடை நொண்டியது. காலில் என்ன என்று அம்மா கேட்டாள். பஸ்ஸில் நின்றுகொண்டே வந்ததாகச் சொன்னான்.

பகவதியம்மாள் வாசலில் கைகூப்பி நின்றாள். "வாங்க, வாங்க. இதாரு, மாப்பிள்ளையா? வழி கண்டுபிடிக்கக் கஷ்டமா இருந்துதோ?" என்று முதல்முறையாகப் பார்ப்பவள்போலக் கேட்டாள்.

மாமாக்கள் உட்கார்ந்தார்கள். பலகாரத் தட்டு வந்தது. பூதலிங்கம் அதைப் பார்க்கவில்லை. கௌசல்யா காப்பியோடு வந்ததும் நிமிர்ந்து அவள் முகத்தைப் பார்த்தான். பெரிய மாமா தொண்டையைச் செருமினார். அவன் அப்போதும் குனியவில்லை. அவள் காப்பியை அவன் கையில் கொடுத்துவிட்டு உள்ளே போனாள். அத்தையும் பின்னாலேயே போனாள். பூதலிங்கம் காப்பியைக் குடிக்காமல் அவர்கள் போன கதவையே பார்த்துக்கொண்டிருந்தான்.

பகவதியம்மாள் வெளியே வந்தாள்.

"பிள்ளைக்குச் சம்மதம்" என்றாள். "யாரும் சொல்லி இல்ல, அவளே சொன்னான்னு மாப்பிள்ளைகிட்டச் சொல்லச் சொன்னா."

அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். மாமாக்கள் தேதி பேச ஆரம்பித்தார்கள். பூதலிங்கம் கை கழுவுவதாகச் சொல்லிப் பின்கட்டுக்கு வந்தான். அங்கே பக்கத்து வீட்டு செல்லபாய், விருந்தாளிகளுக்காக ஏத்தம்பழ பஜ்ஜி போட்டுக்கொண்டிருந்தாள். குழிப் பக்கம் யாருமில்லை. நேற்றைய விஷயத்தை யாரிடமாவது விசாரிக்காமல் அவனால் இருக்க முடியவில்லை.

"அக்கா, இன்னைக்குக் கிளாஸ் கிடையாதா?" என்று மெதுவாகக் கேட்டான்.

செல்லபாய் கரண்டியை எண்ணெய்ச் சட்டிக்கு மேலே நிறுத்தி அவனைப் பார்த்தாள்.

"இங்க ஏது தம்பி கிளாஸு? பொண்ணு பாக்க வாறவன் எல்லாம் மொதநாளே ஆளு தெரியாம வந்து கேட்டுல எட்டிப் பாப்பான், பகவதியக்கா பிடிச்சு மண்ணு மிதிக்க விடுவா. மறுநாளு திரும்பி வந்தது நீங்க ஒருத்தருதான்."