இரண்டெழுத்துச் சாதனை

உட்கார்ந்த இடத்திலிருந்தே ஊரை முந்துகிற ஓர் இனம் உண்டு. ஆறாம் வகுப்போடு பள்ளியை விட்டு யோகொஹாமாவில் மூன்று டயர் கடை போட்டவன் நான்; வண்டியைவிட வண்டிக்காரனை எனக்கு நன்றாகத் தெரியும். என் கடை வாடிக்கையாளர் ஹருஹிகோ இந்த இனத்தில் அசல் சரக்கு.

வருடக் கடைசியில் வீட்டைச் சுத்தம் செய்யும்போது பழைய வீடியோ கேம் பெட்டி அகப்பட்டால் இவர்கள் என்ன செய்வார்கள்? துடைப்பத்தைப் போட்டுவிடுவார்கள். சிடியைச் சட்டையில் துடைத்து, ஊதி, மறுபடி துடைத்து, வளைவு வந்தால் இடுப்போடு சாய்ந்து, இடித்தால் ஜாய்ஸ்டிக்கைத் திட்டி, "அந்தக் காலத்துல நெடுஞ்சாலையே என் பேரைச் சொல்லும்" என்று மருமகனைப் பிடித்து உட்கார வைப்பார்கள். அந்தக் காலத்திலும் சாலை இந்தத் திரைக்குள்தான் இருந்தது. யார் கேட்பது?

ஹருஹிகோ வீட்டுத் திரையில், சாதனைப் பட்டியலின் முதலிடத்தில் 'ஹரு' என்று நின்றது. அந்த விளையாட்டில் பெயருக்கு இரண்டே எழுத்து.

"பாத்தீங்களா மாப்ள? இருபது வருஷமா என்னைத் தொட ஆளில்ல!"

"நாளைக்கு ஹாகோனே மலைக்கு நான் ஓட்டறேங்க," என்றாள் மனைவி ஹருமி, சமையலறையிலிருந்து.

"நீயா? இந்தச் சாதனையை நானே இப்ப முறியடிக்கறேன். முடியலன்னா கார் சாவி உனக்கு!"

அந்த விளையாட்டில், பதிவாகியிருக்கும் பழைய சாதனை ஓட்டம் ஆவி வண்டியாகக் கூடவே ஓடிவரும். வரவில்லை, முன்னால் போனது. லாரி ஒன்று ஒதுங்கியதும் அதைத் தாண்டி, பின்விளக்குகளை இருமுறை சிமிட்டியது. வழிவிட்டவருக்கு எங்கள் ஜப்பான் சாலைகளில் சொல்லும் நன்றி.

மருமகன் ரியோத்தா திரும்பினான். "மாமா, நீங்க எந்த வண்டிக்கும் நன்றி சொல்லி நான் பாத்ததே இல்லையே?"

ஹருமி ஈரக்கையோடு எட்டிப் பார்த்தாள். "லாரிக்காரன் வழி விட்டான்ல? கம்முனு போயிட முடியுமா? அப்பல்லாம் இவர் வேலைக்குக் கெளம்பினதும் தெனம் இந்த கேம்ல நான்தான் ஓட்டுவேன்."

ஹரு. ஹருமி!

ஆவி வண்டி முடிவுக்கோட்டைத் தாண்டியபோது ஹருஹிகோ இன்னும் சுரங்கப்பாதைக்குள் இருந்தார்.

மறுநாள் மலைப்பாதையில் ஹருமி ஓட்டினாள். ஹருஹிகோ பக்கத்தில் உட்கார்ந்து, ஒவ்வொரு வளைவிலும் இல்லாத பிரேக்கை மிதித்துக்கொண்டே வந்தார்.

"மெதுவா மிதிங்க. தரை ஓட்டையாயிடும்."

சிரிக்கிறீர்களா? அடுத்த தடவை வேறொருவர் வண்டி ஓட்டும்போது, கொஞ்சம் குனிந்து உங்கள் வலது காலைப் பாருங்கள்.